நேதாஜி இறந்தாரா என்று கேட்டே எண்பது வருஷம் ஓட்டிவிட்டோம்

1. கிள்ளான்காரன்

எல்லாருக்கும் வணக்கம். இந்த ஜனவரி 23-ம் தேதியும் எங்கள் குடும்ப வாட்ஸாப் குழுவில் அந்தப் பழைய படம் வந்து விழுந்தது. 1964-ல் நேருவின் உடல் பக்கத்தில் மொட்டைத் தலையும் கண்ணாடியுமாக ஒரு துறவி நிற்பாரே, அவர்தான் நேதாஜி என்று. அவர் கம்போடியாவைச் சேர்ந்த பௌத்த பிக்கு என்பது எப்போதோ தெரிந்துபோன விஷயம், ஆனாலும் படம் ஓயவில்லை. என் அண்ணன் மகனுக்குப் பதினேழு வயது. அதற்குக் கீழே பைசாபாத் சாமியார், சாஸ்திரியோடு நேதாஜி நிற்பதாகச் சொல்லும் தாஷ்கண்ட் படம், ரென்கோஜி கோவில் என்று வரிசையாக எழுதித் தள்ளினான். எனக்கே தெரியாததெல்லாம் அவனுக்குத் தெரிந்திருந்தது. கடைசியில் நான் கேட்டேன், "உன் கொள்ளுப்பாட்டி நேதாஜி படையில் இருந்தது தெரியுமாடா?" அரை மணி நேரம் கழித்துப் பதில் வந்தது: "எந்தப் பாட்டி?"

அதிலிருந்து மனசு ஆறவில்லை, அதனால்தான் இங்கே எழுதுகிறேன்.

என் அப்பாயி கோலசிலாங்கூர் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் பிறந்தவர். ஜப்பான்காரன் காலத்தில் அவருடைய அண்ணனைச் சயாம் ரயில் போடப் பிடித்துக்கொண்டு போனார்கள், திரும்பவில்லை. 1943 கடைசியில் தோட்டத்துக்கு வந்து ஆள் சேர்த்தபோது, பதினாறு வயதில், பால்வாளியை லயத்து வாசலில் வைத்துவிட்டு நேதாஜியின் பெண்கள் படையான ஜான்சி ராணிப் படைக்குப் போய்விட்டார். அவருடைய அம்மா காதில் கிடந்த தோட்டைக் கழற்றிக் கொடுத்தார். சிங்கப்பூர் முகாமில் துப்பாக்கி பிடிக்கக் கற்றுக்கொண்டு, பர்மாவுக்குப் போகும் முறை வருவதற்குள் போர் முடிந்து, 1945 ஆகஸ்டில் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். வெள்ளைக்காரன் திரும்பி வருகிறான் என்ற பயத்தில் உடுப்பை அடுப்பில் போட்டு எரித்தார். மறுபடி அதே தோட்டம், அதே நிரை, அதே பால்மரம், இன்னும் முப்பத்தைந்து வருஷம்.

எங்கள் வீட்டுச் சாமி மேடையில் முருகனுக்குப் பக்கத்தில் நேதாஜி இருந்தார், உடுப்பும் தொப்பியுமாக. அப்பாயி அவருக்கும் சேர்த்துத்தான் சூடம் காட்டுவார். ஆனால் அவர் உயிரோடு இருக்கிறாரா, விமானம் விழுந்ததா என்றெல்லாம் அப்பாயி பேசி நான் ஒருநாளும் கேட்டதில்லை.

தலைவர் எப்படி இறந்தார் என்ற ஒரே கேள்வியில் எல்லாம் போய் அடைந்துவிட்டது. அவர் பின்னால் போனவர்கள் யார், ஏன் போனார்கள், போனவர்கள் என்ன ஆனார்கள், இதைக் கேட்க ஆளில்லை. எனக்கு மட்டும்தான் இப்படித் தோன்றுகிறதா?

2. முதுகுளத்தூரான்

அண்ணா, உங்கள் அப்பாயிக்கு என் வணக்கம். ஆனால் நம்பினவர்களை எல்லாம் வாட்ஸாப் கூட்டம் என்று ஒரே மூட்டையில் கட்டிவிடாதீர்கள்.

எங்கள் தாத்தா 1987-ல் சாகும் வரை நேதாஜி வருவார் என்று நம்பினார். அவர் பள்ளிக்கூடம் போகாதவர், ஆனால் விவரம் தெரியாதவர் இல்லை. தேவர் ஐயா 1949-லேயே மேடையில் சொன்னார், நேதாஜி உயிரோடு இருக்கிறார், எனக்கு அவரோடு தொடர்பு இருக்கிறது என்று. அதன் பிறகு அவரே கொஞ்ச காலம் கண்ணில் படாமல் போய், 1950-ல் திரும்பி வந்தார். எங்கள் பக்கத்து ஜனங்களுக்கு டெல்லி சொல்வது பெரிதா, தேவர் சொல்வது பெரிதா? கைரேகைச் சட்டத்தில், அதாவது குற்றப்பரம்பரைச் சட்டத்தில், ஊர் ஊராகப் பெயரைப் பதிந்து, ராத்திரி வீட்டில் படுக்கவிடாமல் ஸ்டேஷனில் படுக்கவைத்த சர்க்கார் அது. அந்தச் சட்டத்தை எதிர்த்து நின்றவர் ஒரு வார்த்தை சொன்னால் அதை நம்பாமல் என்ன செய்வார்கள்.

எங்கள் ஊரில் தெருவுக்கு ஒரு போஸ் உண்டு. சுபாஷ், சந்திரபோஸ், நேதாஜி, வெறும் போஸ். பெண்பிள்ளைகளுக்கு ஜான்சி ராணி. என் சித்தப்பா பெயரும் போஸ்தான். இது இறந்தவருக்கு வைக்கும் பெயர் இல்லை, வரப்போகிறவர் வந்து கூப்பிடும்போது "இருக்கிறேன்" என்று சொல்வதற்காக வைத்த பெயர். தாத்தா அப்படித்தான் சொல்வார். அந்தக் காத்திருப்பைக் கேலி செய்தால் எனக்கு வலிக்கும்.

3. கிள்ளான்காரன்

தம்பி, கேலி செய்யவில்லை. உங்கள் தாத்தா சொன்ன வார்த்தையைப் படித்ததும் கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். என் கோபம் அவர் மேல் இல்லை. காத்திருந்தவர்கள் வேறு, இன்றைக்குப் படம் காட்டிப் பொழுதுபோக்குகிறவர்கள் வேறு.

4. பழைய கோப்பு

நேதாஜி கோப்புகளைப் பல வருஷமாகப் படித்துவருகிறவன் என்பதால் கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

1945 ஆகஸ்ட் 18. தைவானில் அன்றைய தைஹோகு விமான நிலையம். ஜப்பானிய குண்டுவீச்சு விமானம் மேலே ஏறின உடனே விழுந்தது. உள்ளே ஜெனரல் ஷிதேயும் இருந்தார், அவரும் இறந்தார். நேதாஜியோடு போனவர் ஹபீபுர் ரஹ்மான், தீக்காயங்களோடு பிழைத்தார். மருத்துவம் பார்த்த டாக்டர் யோஷிமி கடைசிவரை ஒரே விஷயத்தைத்தான் சொன்னார், கடுமையான தீக்காயம், அன்று இரவே உயிர் போனது என்று. சாம்பல் செப்டம்பரில் டோக்கியோ ரென்கோஜி கோவிலுக்குப் போனது, இன்றும் அங்கேதான் இருக்கிறது.

சரி, இதை ஏன் யாரும் நம்பவில்லை? பித்துப் பிடித்தவர்கள் கிளப்பின கதை இல்லை இது. முதலில் சந்தேகத்தைச் சொன்னவர்களில் காந்தியே ஒருவர். நேதாஜி உயிரோடிருப்பதாக உள்மனசு சொல்கிறது என்று 1946 தொடக்கத்தில் பேசினார், அப்புறம் அதே வருஷம் மார்ச்சில் ஹரிஜன் பத்திரிகையில் அந்த நம்பிக்கைக்கு ஆதாரம் இல்லை, விட்டுவிடுங்கள் என்று எழுதினார். முதலில் சொன்னது பரவிய வேகத்தில் இரண்டாவது பரவவில்லை. இன்னொன்று, இந்த மனிதர் ஏற்கெனவே ஒருமுறை காணாமல் போய் வந்தவர். 1941 ஜனவரியில் கல்கத்தா வீட்டைச் சுற்றிப் போலீஸ் நிற்கும்போதே வேஷம் மாற்றி வெளியேறி, பெஷாவர், காபூல் வழியாக இத்தாலியப் பெயரில் பெர்லினில் போய் நின்றார். 1943-ல் ஜெர்மன் நீர்மூழ்கியில் கிளம்பி, மடகாஸ்கர் பக்கத்தில் நடுக்கடலில் ஜப்பானிய நீர்மூழ்கிக்கு மாறி, கிழக்கே வந்து சேர்ந்தார். இப்படிப்பட்டவர் ஒரு விமான விபத்தில் போய்விட்டார் என்றால் ஜனங்கள் எப்படி ஏற்பார்கள்? அவருடைய நிஜ வாழ்க்கையே கதையை மிஞ்சி இருந்தது.

அப்புறம் சர்க்கார் தன் பங்குக்குக் கெடுத்தது. 1956-ல் ஷா நவாஸ் கான் குழு விபத்தில்தான் இறந்தார் என்றது, குழுவிலிருந்த நேதாஜியின் அண்ணன் சுரேஷ் சந்திர போஸ் ஒத்துக்கொள்ளாமல் தனி அறிக்கை கொடுத்தார். 1970-ல் அமைத்த கோஸ்லா ஆணையம் 1974-ல் விபத்து என்றது. 1999-ல் அமைத்த முகர்ஜி ஆணையம் விபத்தில் இறக்கவில்லை, சாம்பலும் அவருடையதில்லை என்றது. 2006-ல் சர்க்கார் அந்த அறிக்கையை நாடாளுமன்றத்தில் வைத்த கையோடு நிராகரித்தது. இவ்வளவுக்கும் நடுவே கோப்புகளைப் பூட்டியே வைத்திருந்தார்கள். பூட்டின பெட்டி என்றாலே உள்ளே ஏதோ இருக்கிறது என்றுதான் ஆள் நினைப்பான். மேற்கு வங்கம் 2015 செப்டம்பரில் 64 கோப்புகளைத் திறந்தது, மத்திய அரசு 2016 ஜனவரி 23-ல் 100 கோப்புகளைத் திறந்தது. குடும்பத்தாரை வருஷக்கணக்காக உளவு பார்த்த விவரம் இருந்தது, அது வெட்கக்கேடு. உயிரோடு இருந்தார் என்பதற்கு உருப்படியான ஒரு காகிதம்கூட இல்லை.

என் முடிவு: அவர் தைஹோகுவில்தான் இறந்தார்.

5. முதுகுளத்தூரான்

ஒரு நீதிபதி ஆறு வருஷம் விசாரித்து எழுதினதை ஒரே நாளில் தள்ளினார்களே, அதற்கு என்ன சொல்கிறீர்கள்? விபத்து நடந்ததற்குத் தைவானில் பதிவே இல்லை என்று அந்த ஆணையத்துக்குப் பதில் வந்ததே?

6. பழைய கோப்பு

வந்தது உண்மை. ஆனால் 1945 ஆகஸ்டில் தைவான் ஜப்பான் கையில் இருந்தது. சீனர்கள் வந்து பொறுப்பேற்றது அக்டோபரில். ஜப்பான் ராணுவ விமான நிலையத்தில், சரணடைந்த மூன்றாம் நாள் நடந்ததற்குப் பின்னால் வந்த அரசிடம் பதிவு கேட்டால் இருக்காது. அறிக்கையைத் தள்ளின விதம் தவறு என்பதை நானும் ஒத்துக்கொள்கிறேன். காரணத்தை விளக்கமாகச் சொல்லியிருந்தால் பாதிப் பேராவது அமைதியாகியிருப்பார்கள்.

7. ஹூக்ளிக்கரை

கல்கத்தாவில் இருபத்திரண்டு வருஷமாக இருக்கும் தமிழன். இங்கே நடக்கிறது வேறு மாதிரி, அதையும் சொல்கிறேன்.

எல்கின் சாலை வீட்டுக்குப் போனால் அவர் தப்பிப்போன வாண்டரர் கார் இருக்கிறது, கண்ணாடிக்குப் பின்னால். கோமோ ரயில் நிலையம் வரை அண்ணன் மகன் சிசிர் ஓட்டிப்போன கார். நான் போனபோது ஒரு வயதான அம்மா அதற்கு முன்னால் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றுகொண்டிருந்தார். ஷியாம்பஜார் ஐந்து முனைச் சந்திப்பில் குதிரை மேல் உட்கார்ந்திருக்கிறார், ஊரே அந்தக் குதிரையைச் சுற்றித்தான் திரும்பும்.

என் வீட்டு உரிமையாளர் குடும்பம் பாரிசாலிலிருந்து 1950-ல் எல்லாவற்றையும் விட்டுவிட்டு ஓடி வந்தது. அந்த வீட்டுப் பெரியவர் நேதாஜி பற்றிப் பேச ஆரம்பித்தால் பத்தாவது நிமிஷத்தில் அவருடைய ஊர்க்குளம், தென்னை, விட்டுவந்த மாடு, இதற்கு வந்துவிடுவார். "அவர் மட்டும் வந்திருந்தால் வங்கம் இரண்டாகியிருக்காது." இதை அவர் எத்தனை தடவை சொல்லிக் கேட்டிருக்கிறேன் என்று கணக்கில்லை. எனக்கு மெல்லத்தான் புரிந்தது, இங்கே நேதாஜி உயிரோடு இருப்பது என்றால் பிரிவினை நடக்காமல் இருந்திருக்கும் இன்னொரு வங்காளம் எங்கேயோ உயிரோடு இருப்பது. அறுபதுகளின் தொடக்கத்தில் கூச்பிகார் பக்கம் ஷௌல்மாரியில் ஒரு சாமியாரைப் பார்க்க ஜனம் ஓடியது, காபூலில் நேதாஜியை ஒளித்துவைத்திருந்த உத்தம்சந்தே அவர்தான் நேதாஜி என்று சொன்னார், அந்தச் சாமியார் நான் இல்லை என்று மறுத்தும் கேட்கவில்லை. அகதியாக வந்து பத்துப் பன்னிரண்டு வருஷம் ஆன ஜனம் அது. ஆணையம் என்ன எழுதினாலும் அந்தக் குளத்தைத் திருப்பிக் கொடுக்க முடியாதே.

பைசாபாத்தில் 1985-ல் இறந்த சாமியார் கதையும் அப்படித்தான். அறையில் வட்டக் கண்ணாடியும் போஸ் குடும்பப் படங்களும் இருந்தது நிஜம். உத்தரப் பிரதேச அரசு அமைத்த சகாய் ஆணையம் அவர் நேதாஜி இல்லை, நேதாஜியின் பக்தர் என்றது. அந்தச் சாமியாரை நினைத்தால் எனக்கு வருத்தமாக இருக்கிறது. அவர் யார் என்று யாருக்குமே அக்கறை இல்லை.

8. செராங்கூன்வாசி

கிள்ளான் அண்ணாவின் கேள்விக்கு வருகிறேன். சிங்கப்பூர் எஸ்பிளனேடில் படையின் நினைவுச் சின்னத்துக்கு நேதாஜி 1945 ஜூலை 8-ல் அடிக்கல் வைத்தார். செப்டம்பரில் பிரிட்டிஷ்காரர்கள் வந்ததும் அதை வெடிவைத்துத் தகர்த்தார்கள். அதில் நேதாஜி பெயருக்காக எழுப்பினது எதுவும் கிடையாது, பெயர் தெரியாமல் செத்த சிப்பாய்க்கு எழுப்பினது. இப்போது அந்த இடத்தில் 1995-ல் வைத்த ஒரு பலகை நிற்கிறது, மாலையில் ஓடப் போகிறவர்கள் அதன் மேல் தண்ணீர்ப் புட்டியை வைப்பதைப் பார்த்திருக்கிறேன். பார்த்ததும் எடுத்து ஓரமாக வைத்துவிடுவேன்.

எங்கள் வீட்டில் சொல்லும் கதை டேங்க் ரோடு கோவில் பற்றியது. செட்டியார் கோவிலிலிருந்து நேதாஜியை நவராத்திரி விழாவுக்குக் கூப்பிட வந்தார்கள், பணம் தருவதாகவும் சொன்னார்கள். எல்லாச் சாதிக்காரரும் எல்லா மதத்தாரும் உள்ளே வரலாம் என்றால்தான் வருவேன் என்றார். ஒத்துக்கொண்டார்கள். அபித் ஹசன் உட்பட முஸ்லிம் அதிகாரிகளைக் கூட்டிக்கொண்டு உள்ளே போனார். இது அபித் ஹசன் சொல்லிப் பதிவான விஷயம். என் தாத்தா அன்று வாசல் தாண்டி முதல் தடவையாக உள்ளே போனவர்களில் ஒருவர். அவருக்கு நேதாஜி என்றால் அந்த வாசல்தான். இம்பால், கோஹிமா, விமானம் எதையும் அவர் பேசமாட்டார், அந்த வாசலைத்தான் பேசுவார்.

9. தேவகோட்டை ஆசிரியை

நான் வரலாறு எடுக்கிறேன், ஒன்பதாம், பத்தாம் வகுப்பு. எனக்கு விமானத்தைவிடப் பெரிய தலைவலி ஒன்று இருக்கிறது. பிள்ளைகள் எல்லாருக்கும் நேதாஜி என்றால் காந்திக்கு எதிரி. காந்தி ஒரு பக்கம், இவர் ஒரு பக்கம், நடுவில் நேரு துரோகி. யாரோ வெட்டி ஒட்டின காணொளியில் பார்த்தது.

1939 திரிபுரி காங்கிரஸுக்கான தலைவர் தேர்தலில் காந்தி நிறுத்திய பட்டாபி சீதாராமய்யாவை 1,580-க்கு 1,377 என்று தோற்கடித்துத் தலைவரானதும், அதன் பிறகு அவரைச் சுற்றியிருந்தவர்கள் செயல்படவிடாமல் செய்ததும் உண்மை. மனம் புண்பட்டு வெளியே வந்தார். ஆனால் அதே ஆள் தன் படைப்பிரிவுகளுக்கு என்ன பெயர் வைத்தார்? காந்தி பிரிகேட், நேரு பிரிகேட், ஆசாத் பிரிகேட். 1944 ஜூலை 6-ல் வானொலியில் பேசும்போது காந்தியைத் தேசத் தந்தையே என்று அழைத்து, இந்தப் புனிதப் போருக்கு உங்கள் ஆசி வேண்டும் என்று கேட்டார். இதைச் சொன்னதும் வகுப்பில் ஒரு பையன் எழுந்து, "அப்ப நாங்க யாருக்காக டீச்சர் சண்டை போடறோம்?" என்று கேட்டான். என்னால் உடனே பதில் சொல்ல முடியவில்லை.

இன்னொன்று, சுதந்திரம் கொடுத்தபோது பிரிட்டிஷ் பிரதமராக இருந்த அட்லி சொன்ன வாசகம். காந்தியின் பங்கு ரொம்பக் குறைவு, நேதாஜி படையால்தான் போனோம் என்று அட்லி சொன்னதாக வருஷத்துக்கு நூறு தடவை வருகிறது. மூலம் என்னவென்றால், அட்லி 1956-ல் கல்கத்தா வந்தபோது தன்னிடம் சொன்னதாக, அப்போது தற்காலிக ஆளுநராக இருந்த நீதிபதி சக்ரவர்த்தி இருபது வருஷம் கழித்து 1976-ல் ஒரு கடிதத்தில் எழுதினது. அவர் பொய் சொன்னார் என்று நான் சொல்லவில்லை. ஒருவர் நினைவில் இருந்த ஒரு பேச்சு, அவ்வளவுதான். படை உண்டாக்கின அதிர்வுக்கு இதைவிட நல்ல சாட்சி இருக்கிறது, டெல்லி செங்கோட்டை வழக்கு. 1945 நவம்பரில் படை அதிகாரிகளான ஷா நவாஸ், சேகல், தில்லான், ஒரு முஸ்லிம், ஒரு இந்து, ஒரு சீக்கியர், மூவரையும் ஒரே கூண்டில் நிறுத்தினதும் நாடே கொந்தளித்தது. அடுத்த பிப்ரவரியில் கப்பற்படை எழுந்தது. வெட்டி ஒட்டாமலே பெரியதுதானே இது.

நம் ஊர்த் தொடர்பு ஒன்றும் சொல்லிவிடுகிறேன், 1939 செப்டம்பர் 3-ம் தேதி உலகப்போர் மூண்ட செய்தி அவர் கைக்கு வந்தது சென்னைக் கடற்கரையில். கூட்டத்தில் பேசிக்கொண்டிருக்கும்போது யாரோ மாலைப் பத்திரிகையைக் கையில் கொடுத்தார்கள், அவரே எழுதியிருக்கிறார்.

10. அபர்தீன் பஜார்

போர்ட் பிளேரிலிருந்து எழுதுகிறேன். யாரும் தொடாத ஒன்றை நான் தொடவேண்டியிருக்கிறது, கோபப்படாதீர்கள்.

1943 டிசம்பர் 30-ம் தேதி நேதாஜி இங்கே கொடி ஏற்றினார். அந்தமானுக்கு ஷஹீத், நிக்கோபாருக்கு ஸ்வராஜ் என்று பெயர் வைத்தார். அதன் 75-ம் ஆண்டு நிறைவில் 2018-ல் ராஸ் தீவுக்கு அவர் பெயரையும், நீல், ஹேவ்லாக் தீவுகளுக்கு அந்த இரண்டு பெயர்களையும் வைத்தார்கள். கொடி ஏற்றினதைப் பிள்ளைகள் எல்லாரும் படிக்கிறார்கள்.

அன்றைக்கு, அதே ஊரில், செல்லுலார் சிறைக்குள் டாக்டர் திவான் சிங் ஜப்பானியர் சித்திரவதையில் செத்துக்கொண்டிருந்தார். உளவாளி என்று பழி. நேதாஜி சிறையைச் சுற்றிப் பார்த்தார், அவர் இருந்த பக்கம் ஜப்பானியர் காட்டவில்லை. ஜனவரி 14-ல் திவான் சிங் இறந்தார். நேதாஜி போய் ஒரு மாதம்கூட ஆகவில்லை, ஜனவரி 30-ல் ஹம்ஃப்ரிகஞ்சில் 44 பேரை நிற்கவைத்துச் சுட்டார்கள். இங்கே பழைய குடும்பங்களில் இன்றும் இரண்டையும் சேர்த்துத்தான் சொல்வார்கள், கொடியையும் குழியையும். வெளியே போகிற கதையில் குழி இல்லை.

நேதாஜிக்குத் தெரிந்து நடந்தது என்று நான் சொல்லவில்லை. சொல்லவந்த ஆள்களை அவர் பக்கத்திலேயே விடவில்லை என்று இங்கே பெரியவர்கள் சொல்வார்கள். ஆனால் யாரோடு கைகோத்தார் என்பதையும் சேர்த்து நினைக்காவிட்டால் செத்தவர்களுக்கு நாம் என்ன மரியாதை செய்கிறோம்?

11. முதுகுளத்தூரான்

இதை எழுதித்தான் ஆகவேண்டுமா? ஜப்பான்காரன் செய்த கொலைக்கு அவரை ஏன் இழுக்கிறீர்கள்? வீடு, உத்தியோகம், பெண்டாட்டி பிள்ளை எல்லாவற்றையும் விட்ட மனிதர். ஐ.சி.எஸ்-ஸில் நாலாவதாகத் தேறி அதைத் தூக்கி எறிந்தவர். பிறந்த பெண்குழந்தையை இரண்டு மாதத்தில் விட்டுவிட்டு நீர்மூழ்கியில் ஏறினவர். இங்கே பஞ்சத்தில் வங்காளம் சாகும்போது பர்மாவிலிருந்து ஒரு லட்சம் டன் அரிசி அனுப்புகிறேன் என்று வானொலியில் கேட்டவர், வெள்ளைக்காரன் காதில் போட்டுக்கொள்ளவில்லை. இவரைக் கூண்டில் ஏற்றவா இந்த இழை?

12. அபர்தீன் பஜார்

கூண்டில் ஏற்றவில்லை ஐயா. எங்கள் வீட்டிலும் அவர் படம் இருக்கிறது. ஹம்ஃப்ரிகஞ்ச் நினைவிடத்துக்கும் ஜனவரி 30-ல் போகிறோம். இரண்டையும் செய்ய எங்களுக்கு முடிகிறது, அதைத்தான் சொன்னேன்.

13. கிள்ளான்காரன்

அபர்தீன் பஜார் எழுதினதற்கு நன்றி. நானும் ஒன்றை ஒளிக்காமல் சொல்லவேண்டும்.

அப்பாயி படைக்குப் போனது பாரத மாதாவுக்காக என்றுதான் வெளியில் சொல்வோம். அப்பாயி இந்தியாவைப் பார்த்ததே இல்லை. ஏன் போனீர்கள் என்று நான் ஒருமுறை கேட்டேன். மூன்று காரணம் சொன்னார். படையில் சோறு போடுவார்கள், தோட்டத்தில் மரவள்ளிக்கிழங்குதான். படையில் பெயர் இருந்தால் வீட்டில் அடுத்த ஆளைச் சயாமுக்கு இழுக்கமாட்டார்கள், அண்ணன் போன பயம். மூன்றாவது, கூட்டத்தில் நேதாஜி இந்துஸ்தானியில் பேசினதைத் தமிழில் சொல்லக் கேட்டபோது, "அம்மாமார்களே, நீங்களும் வேண்டும்" என்று சொன்னார்களாம். கிராணியும் துரையும் ஏய் என்று கூப்பிட்டுத்தான் அதுவரை கேட்டிருக்கிறார். இதைச் சொல்லும்போது மட்டும் அப்பாயி குரல் மாறும்.

சயாம் ரயிலில் செத்த தமிழர் பல்லாயிரம். அந்த ரயிலைப் போட்டவனும் ஜப்பான்காரன், அப்பாயிக்குத் துப்பாக்கி கொடுத்தவனும் ஜப்பான்காரன். இரண்டும் ஒரே வீட்டில், ஒரே வருஷத்தில். அப்பாயி ஜப்பான்காரனை மன்னிக்கவே இல்லை, நேதாஜிக்குச் சூடம் காட்டாத நாளும் இல்லை.

போர் முடிந்ததும் இவர்கள் சும்மா பால்மரத்துக்குத் திரும்பினார்கள் என்று நினைக்காதீர்கள். துரை சைக்கிளில் வந்தால் இறங்கி நிற்க மறுத்தார்கள். கெடாவில் 1946, 47-ல் தொண்டர் படை எழுந்தது, கள்ளுக்கடை முன்னால் மறியல், கூலிக்காக வேலைநிறுத்தம். படையில் பயிற்சி எடுத்தவர்கள் அதில் நிறைய. பீடோங்கில் போலீஸ் அடித்து நொறுக்கியது. மலாயா இந்தியர் காங்கிரஸான ம.இ.கா.வின் முதல் தலைவர் ஜான் திவியே நேதாஜி ஆள்தான். நேதாஜி திரும்பி வந்த இடம் எது என்று என்னைக் கேட்டால் தோட்டத்துக் கள்ளுக்கடை வாசல் என்பேன், பைசாபாத் இல்லை.

14. காளையார்கோவில்

வழக்கமாகப் படிப்பதோடு சரி, எழுதுவதில்லை. இதைப் பார்த்ததும் எழுதாமல் இருக்க முடியவில்லை.

எங்கள் ஐயா ரங்கூனில் கடைவேலைக்குப் போய் அங்கே படையில் சேர்ந்தவர். பிடிபட்டு வங்காளத்து முகாமுக்குக் கொண்டுவந்து, விசாரித்து, வெள்ளை, சாம்பல், கறுப்பு என்று மூன்றாகப் பிரித்ததில் ஐயா கறுப்பு. அதாவது மாறவே மாட்டான் என்று எழுதிவிட்டார்கள். அதை அவர் பட்டம் மாதிரி சொல்வார். 1972-ல் தியாகிகள் ஓய்வூதியம் வந்தது. ஆறு மாதம் சிறையில் இருந்ததற்குச் சான்று வேண்டும், அல்லது கூட இருந்தவர்கள் எழுதித் தரவேண்டும். கூட இருந்தவர்களில் பாதி பர்மாக் காட்டிலேயே போய்விட்டார்கள், மீதிப் பேர் எங்கே என்று தெரியாது. ஓர் அலுவலகத்துக்கு மூன்று தடவை நடந்தார். மூன்றாம் தடவை அங்கிருந்த ஒருவர், "நேதாஜி வந்து கையெழுத்துப் போட்டால் தருகிறோம்" என்றார். ஐயா அதன் பிறகு போகவில்லை.

அந்த அலுவலகச் சுவரில் நேதாஜி படம் மாட்டியிருந்தது. ஐயா சாகும் வரை அதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தார், பணம் வராததை இல்லை.

அவர் போனபோது பக்கத்து ஊர்களிலிருந்து நாலு கிழவர்கள் வந்தார்கள். எங்களுக்கு யாரென்று தெரியாது. பாடை தூக்கும் முன்னால் வரிசையாக நின்று கைவிறைத்து ஜெய் ஹிந்த் சொன்னார்கள். சாப்பிடக்கூட இல்லை, பஸ் பிடித்துப் போய்விட்டார்கள்.

15. தேவகோட்டை ஆசிரியை

ஐயா, இதை எங்கள் பள்ளியில் வாசிக்க அனுமதி தருவீர்களா? பக்கத்து ஊர்தானே. பேர் போடமாட்டேன்.

16. காளையார்கோவில்

வாசியுங்கள் அம்மா. கறுப்பு என்று எழுதினதை மட்டும் விட்டுவிடாதீர்கள்.

17. முதுகுளத்தூரான்

நேற்று கோபமாக எழுதினதற்கு அபர்தீன் பஜார் மன்னிக்கவேண்டும். ராத்திரி முழுக்க அந்த 44 பேர் நினைப்புதான்.

ஆனால் ஒன்று கேட்கிறேன். டெல்லியில் இந்தியா கேட் பக்கத்தில், முன்பு ஐந்தாம் ஜார்ஜ் நின்ற மண்டபத்தில், 2022-ல் 28 அடிக் கருங்கல் சிலை வைத்தார்கள். பிறந்தநாளைப் பராக்கிரம தினம் என்று கொண்டாடுகிறார்கள். நல்லது. டோக்கியோவில் ஒரு சின்னக் கோவிலில், வேற்று நாட்டுப் பூசாரி எண்பது வருஷமாக விளக்கேற்றிக் காத்துவரும் சாம்பலை ஏன் சோதிக்கவில்லை, ஏன் கொண்டுவரவில்லை? அவர் மகள் அனிதாவே வியன்னாவில் பிறந்து வளர்ந்து, அப்பாவைப் பார்த்த நினைவில்லாமல், கொண்டுபோய் இந்தியாவில் சேருங்கள் என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார். அவர்தான் என்று நிச்சயமானால் நான் முதல் ஆளாகக் காசு போட்டு டெல்லிக்கு ரயில் ஏறுவேன், தாத்தா சார்பில். நிச்சயமாகாத வரை தாத்தாவை நான் விட்டுக்கொடுக்கமாட்டேன்.

18. பழைய கோப்பு

இதில் நானும் உங்களோடு நிற்கிறேன். கொண்டுவந்தால் கலவரம் வரும், வாக்குப் போகும் என்று ஒவ்வொரு அரசும் தள்ளிப்போட்டது. சிலை வைப்பது சுலபம், யாரும் சண்டைக்கு வரமாட்டார்கள்.

19. கிள்ளான்காரன்

இரண்டு நாளாக எழுத முடியவில்லை. இந்த இழையை அப்படியே அண்ணன் மகனுக்கு அனுப்பினேன். முழுக்கப் படித்துவிட்டு, "சித்தப்பா, அப்பாயியைப் பற்றி வேறு யாருக்குத் தெரியும்?" என்றான். ஈப்போவில் இருக்கும் என் அத்தைக்குப் போன் போட்டோம், அவருக்கு எழுபத்தெட்டு.

அத்தை சொன்னது. சின்ன வயதில் சாயங்காலம் குழாயடியில் குளிக்கவைக்க எல்லாப் பிள்ளைகளையும் அப்பாயி வரிசையாக நிற்கவைப்பாராம். யாராவது ஆடினால் அடிவயிற்றிலிருந்து ஒரு சத்தம் போடுவாராம், "சாவுதான்!" என்று. அசைந்தால் சாவுதான் என்று மிரட்டுகிறார் என்று நினைத்துப் பிள்ளைகள் அப்படியே விறைத்து நிற்பார்களாம். லயத்தில் மற்ற பெண்கள்கூட, பிள்ளைகளைப் போய் இப்படிச் சபிக்கலாமா என்று சண்டைக்கு வந்திருக்கிறார்கள். அப்பாயி விளக்கம் சொன்னதே இல்லையாம்.

பையன்தான் கண்டுபிடித்தான். "சாவ்தான், சித்தப்பா. இந்துஸ்தானி. நேராக நில்." அணிவகுப்பில் சொல்வது.

அத்தை போனிலேயே அழுதுவிட்டார். எழுபது வருஷமாக அம்மா தன்னைத் திட்டினதாக நினைத்திருந்தாராம். பையன் வரும் சனிக்கிழமை ஈப்போவுக்குப் பஸ் ஏறுகிறான், அத்தை சொல்வதையெல்லாம் பதிவு செய்ய. இங்கே யாரிடமாவது சிங்கப்பூர் முகாமின் பழைய படங்கள் இருந்தால் போடுங்கள். அத்தைக்கு அம்மாவின் நெற்றித் தழும்பு அடையாளம் தெரியும்.